மாலை ஐந்து மணிக்கு மைதானத்தில் யார்?

ஓசூரிலிருந்து பெங்களூருக்குப் பேருந்தில் போய்வருகிறவர்களுக்குச் சந்தாபுரா என்றால் முதலில் நினைவுக்கு வருவது நெரிசல். அத்திப்பள்ளி சுங்கச்சாவடியைத் தாண்டியதும் ஓட்டுநர் வேகமெடுப்பார். சந்தாபுரா சந்திப்பு நெருங்கியதும் கியரைக் குறைத்து ஏதாவது ஒரு லாரியின் முதுகைப் பார்த்தபடி நின்றுவிடுவார். அங்கே இறங்குகிறவர்களில் பெரும்பாலோர் பொம்மசந்திரா, ஜிகனி தொழிற்பேட்டைகளில் வேலை பார்ப்பவர்கள். மே, ஜூன் மாதங்களில் மட்டும் இன்னொரு கூட்டம் சேர்ந்துகொள்ளும். அப்பா, அம்மா, பிளஸ் டூ முடித்த பிள்ளை என்று மூன்று பேராக, மதிப்பெண் சான்றிதழ் வைத்த பிளாஸ்டிக் கோப்பை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு இறங்குவார்கள். கிருஷ்ணகிரி, தருமபுரி, சேலம், வேலூர் பக்கத்துக் குடும்பங்கள். ஆனேக்கல் வட்டாரத்தில் கல்லூரி பார்க்க வந்தவர்கள்.

அந்தக் கோப்புக்குள் கட்டாயம் ஒரு வண்ணப் புத்தகம் இருக்கும். எந்தக் கல்லூரியின் விளம்பரப் புத்தகமாக இருந்தாலும் நடுப்பக்கம் விளையாட்டுக்குத்தான். பச்சைப் புல்தரை, நீலத் தரையில் வெள்ளைக் கோடு, இரவு விளக்கு, கண்ணாடிச் சுவருக்குள் ஓடுபொறிகள். நான் பார்த்தவரை அந்தப் படங்களில் அநேகமாக ஆளே இருப்பதில்லை. பந்து இருக்கும், வலை இருக்கும், ஆடுகிறவர் இருக்க மாட்டார். புகைப்படக்காரர் எல்லோரையும் விலகச் சொல்லிவிட்டு எடுத்தாரா, விலகச் சொல்ல யாருமே இல்லையா என்பது படத்திலிருந்து தெரியாது.

என் நண்பர் ஒருவரின் மகள் பள்ளிக் கூடைப்பந்து அணியில் ஆடுகிறாள். "படிப்பு, ஃபீஸ், ஹாஸ்டல் எல்லாம் நான் பாத்துக்கறேன். நீ ஸ்போர்ட்ஸ் எழுதின ஆள். அந்த கிரவுண்டை மட்டும் ஒரு எட்டு பாத்துட்டு வந்து சொல்லுப்பா" என்றார். அப்படித்தான் சந்தாபுராவில் இறங்கி ஆனேக்கல் சாலைக்குத் திரும்பினேன்.

இந்தச் சாலை பத்துப் பதினைந்து ஆண்டுகளில் அடையாளம் தெரியாமல் மாறிப்போனது. முன்பு வயலும் தோப்பும் இருந்த இடங்களில் இப்போது அடுக்குமாடி வீடுகள், கல்யாண மண்டபங்கள், ஆந்திரா மெஸ், மனைப் பிரிவுகளுக்கான வளைவுகள். 2025 ஆகஸ்டில் ஆர்.வி. ரோடு - பொம்மசந்திரா மஞ்சள் வழித்தட மெட்ரோவும் திறந்தாகிவிட்டது. ஊருக்கு வெளியே என்று சொல்லிக்கொண்டிருந்த இடம் ஊராகிவிட்டது. சிக்கஹாகடே கிராஸ் பக்கம்தான் நான் பார்க்கப்போன அலையன்ஸ் பல்கலைக்கழகம். மேலாண்மைப் படிப்புக்கான நிறுவனமாகத் தொடங்கி, 2010-ல் கர்நாடக அரசின் சட்டத்தால் தனியார் பல்கலைக்கழகமானது. அதே 2010-ல் சட்டம் பெற்ற அஸீம் பிரேம்ஜி பல்கலைக்கழகமும் இதே ஆனேக்கல் வட்டத்தில், சர்ஜாபுரா பக்கம் இருக்கிறது. வட்டம் முழுக்கவே இப்போது மாணவர் வட்டம்தான்.

வேண்டுமென்றேதான் மாலை நேரத்தைத் தேர்ந்தெடுத்தேன். விளையாட்டு வளாகத்தைக் காலை பதினொரு மணிக்குப் பார்ப்பதும் சமையலறையை விருந்துக்கு மறுநாள் பார்ப்பதும் ஒன்று. சேர்க்கைக்காக வரும் பெற்றோர்களை எல்லாக் கல்லூரிகளும் அந்தப் பதினொரு மணிக்குத்தான் சுற்றிக் காட்டுகின்றன. வெயிலில் காலி மைதானம், பூட்டிய உள்ளரங்கம், "ஈவினிங் ஃபுல்லா இருக்கும் சார்" என்ற ஒரு வாக்கியம். அதோடு சுற்றுலா முடிந்தது.

நான் போனபோது ஃபுல்லாகத்தான் இருந்தது. முதலில் காதில் விழுந்தது கால்பந்துக் களத்தின் சத்தம். "மச்சா, லெஃப்ட்! லெஃப்ட் மச்சா!" பெங்களூரில் 'மச்சா' தமிழர்களுக்கு மட்டும் சொந்தமில்லை. கன்னடப் பையன் தெலுங்குப் பையனைக் கூப்பிடுவதும், மலையாளப் பையன் மணிப்பூர்க்காரனைத் திட்டுவதும் அதே சொல்லில்தான். ஐந்து மொழிக்காரர்கள் ஒரே பந்தின் பின்னால் ஓடுகிறார்கள். கோல் விழுந்தால் ஆளுக்கொரு மொழியில் கத்துகிறார்கள். ஆனேக்கல் செம்மண் எல்லாருடைய காலுறையிலும் ஒரே நிறத்தில் ஒட்டியிருக்கிறது.

எல்லைக் கோட்டுக்கு வெளியே குந்தி உட்கார்ந்து ஷூ கயிறு கட்டிக்கொண்டிருந்த பையன் வாணியம்பாடிக்காரன். நான் தமிழில் கேட்டதும் நிமிர்ந்தான்.

"ஊர்ல ஆடுவியா தம்பி?"

"ஆடுவேன் சார். அங்க ரம்ஜான் முடிஞ்சதும் டோர்னமென்ட் நடக்கும். இங்க வந்த புதுசுல யாரையும் தெரியாது. பந்து இருக்கற இடத்துல போய் நின்னேன். ஆள் குறையுது வரியான்னு கேட்டாங்க."

அவ்வளவுதான், அவனுக்கு ஊர் கிடைத்துவிட்டது. விளையாட்டு வளாகம் எதற்கு என்று கல்விக் கருத்தரங்குகளில் 'ஆளுமை வளர்ச்சி', 'தலைமைப் பண்பு' என்றெல்லாம் பேசுவார்கள். வீட்டைவிட்டு முதன்முறையாக வெளியூர் வந்த பதினெட்டு வயதுப் பிள்ளைக்கு மாலையில் போய் நிற்க ஓர் இடம் வேண்டும். எனக்கு அந்தக் காரணமே போதும்.

இப்போது கொஞ்சம் நிலக் கணக்கு. நம் ஆட்களுக்குச் சென்ட், ஏக்கரில் சொன்னால்தான் பிடிபடும். முழு அளவுக் கால்பந்துக் களம் 105 மீட்டருக்கு 68 மீட்டர். ஏறத்தாழ ஒன்றே முக்கால் ஏக்கர். எட்டு தடம் கொண்ட 400 மீட்டர் ஓடுதளத்துக்கு நாலு ஏக்கர் முழுசாகப் போய்விடும். கூடைப்பந்துக் களம் 28-க்கு 15 மீட்டர். சுற்றிலும் இரண்டு மீட்டர் விட்டால் 15 சென்ட். கைப்பந்துக்கு ஓரங்களையும் சேர்த்து 9 சென்ட் வேண்டும். ஆண்கள் கபடிக் களம் 13-க்கு 10 மீட்டர், கோட்டுக்குள் மட்டும் பார்த்தால் மூன்றேகால் சென்ட். ஓசூர் சாலையை ஒட்டி மனை விலை கேட்டுப் பார்த்தவர்களுக்கு இந்தக் கணக்கின் எடை புரியும். ஒரு தனியார் பல்கலைக்கழகம் கால்பந்துக்கும் கிரிக்கெட்டுக்கும் திறந்தவெளி ஒதுக்கியிருக்கிறது என்றாலே, அங்கே ஒரு விடுதிக் கட்டடமோ வகுப்பறைத் தொகுதியோ எழும்பாமல் இருக்கிறது என்று அர்த்தம். அந்த மட்டில் பாராட்டத்தான் வேண்டும். நகரத்துக்குள் இருக்கும் பல கல்லூரிகளில் 'மைதானம்' என்பது இரண்டு சக்கர வாகன நிறுத்தத்துக்கு நடுவே ஒரு பூப்பந்து வலை.

அதே கணக்கில் இன்னொன்றும் தெரிகிறது. ஓடுதளம் ஒன்றின் இடத்தில் இருபத்தைந்து கூடைப்பந்துக் களங்கள் அடங்கும். படத்தில் எடுப்பாகத் தெரிவது ஓடுதளம். மாலையில் அதிகம் பேரை ஓடவைப்பது சின்னக் களங்கள். ஆயிரக்கணக்கில் மாணவர் இருக்கும் வளாகத்தில் எத்தனை 'வசதி' இருக்கிறது என்பதைவிட, ஒரே நேரத்தில் எத்தனை பேர் ஆட முடியும் என்றுதான் எண்ண வேண்டும்.

நான் வந்த காரியம் கூடைப்பந்து என்பதால் அந்தப் பக்கம்தான் அதிக நேரம் நின்றேன். கூடைப்பந்துக் களத்தைச் சோதிக்க அளவு நாடா தேவையில்லை. பலகைக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று முதலில் பார்க்க வேண்டும். லே-அப் போட ஓடிவரும் பிள்ளைக்கு வேகத்தைக் குறைக்க இடம் வேண்டும். நான் படித்த கல்லூரியில் (பெயர் வேண்டாம்) கம்பத்துக்குப் பின்னால் இரண்டு அடியில் சைக்கிள் ஷெட் சுவர். எங்கள் அணியில் உயரமாக இருந்தவன் அந்தச் சுவரில் கையை ஊன்றப் போய் மணிக்கட்டை முறித்துக்கொண்டான். அந்தப் பருவம் முழுக்க அவன் இடக்கையால் பரீட்சை எழுதினான். சுவர் கடைசிவரை அங்கேயேதான் இருந்தது. அடுத்து மூன்று புள்ளிக் கோடு. 2010-ல் சர்வதேச விதி அந்த வளைவை 6.25 மீட்டரிலிருந்து 6.75-க்குத் தள்ளியது. பழைய களங்கள் பலவற்றில் பழைய வளைவின் சாயம் புதியதற்கு உள்ளே இன்னும் மங்கலாகத் தெரியும். புது வளைவே போடாத கல்லூரிகளும் உண்டு. அங்கே பழகும் பிள்ளை வெளிப் போட்டியில் போய் எறிந்தால் பந்து அரை மீட்டர் முன்னாலேயே விழும். மூன்றாவது சோதனைதான் எனக்குப் பிடித்தது. பந்தை வாங்கித் தரையில் தட்டிக்கொண்டே ஒரு நடை நடக்க வேண்டும். தரை எங்கே பொள்ளல், எங்கே பள்ளம் என்று கைக்குத் தெரிந்துவிடும்.

ஆடிக்கொண்டிருந்த பெண்களிடம் பந்து கேட்டேன். தாத்தா மாதிரி ஒருவர் பந்து கேட்டதில் அவர்களுக்குச் சிரிப்பு. கொடுத்தார்கள். தட்டிப் பார்த்தேன், ஒரு முறை எறிந்தும் பார்த்தேன். வளையத்தின் பக்கம்கூட அது போகவில்லை. ஆனால் தரை பற்றி எனக்குப் புகார் இல்லை.

அவர்களில் ஒரு பெண்ணின் சொந்த ஊர் சேலம் அம்மாபேட்டை. என் பேச்சை வைத்தே பக்கத்து மாவட்டம் என்று கண்டுபிடித்துவிட்டாள். எங்கே கல்லூரி பார்த்தாலும் பெண் பிள்ளைகளுக்கு எதைக் கேட்க வேண்டும் என்று அவளிடம் விசாரித்தேன். தரை, பலகை என்று ஏதாவது சொல்வாள் என நான் எதிர்பார்த்தேன்.

"ஹாஸ்டல் கேட் எத்தனை மணிக்கு மூடறாங்கன்னு கேளுங்க சார். கிரவுண்ட்ல லைட் இருக்கும். கேட் ஆறரைக்கு மூடினா அந்த லைட் யாருக்கு? அப்புறம், டிரெஸ் மாத்தறதுக்கு ரூம் இருக்கான்னு பாருங்க. என் ஃப்ரெண்டு வேற காலேஜ்ல படிக்கறா. அங்க பசங்க டீம் ரூமுக்குப் பக்கத்துல ஸ்டோர் ரூம்லதான் மாத்தணுமாம். ரெண்டு மாசத்துல விட்டுட்டா."

இதை எந்த விளம்பரப் புத்தகமும் படம் பிடித்துக் காட்டாது. அமெரிக்காவில் 1972-ல் 'டைட்டில் நைன்' என்ற சட்டம் வந்தது. அரசுப் பணம் பெறும் கல்வி நிறுவனம் ஆண், பெண் என்று பாகுபாடு காட்டக் கூடாது என்பதே அதன் சாரம். அந்தச் சட்ட வரியில் விளையாட்டு என்ற சொல்லே இல்லை. ஆனாலும் அதைக் காட்டித்தான் கல்லூரிப் பெண்கள் மைதான நேரத்திலும், பயிற்சியாளரிலும், உடைமாற்றும் அறையிலும் சம பங்கு கேட்டு வாங்கினார்கள். நம் நாட்டில் அப்படிச் சட்டம் எதையும் காட்டி யாரும் கேட்டு நான் பார்த்ததில்லை. விடுதிக் காப்பாளரின் பூட்டுச் சாவிதான் இங்கே பெண்கள் விளையாட்டின் எல்லைக் கோடு.

உள்ளரங்கம் பற்றி நிறையச் சொல்ல வேண்டியதில்லை. பூப்பந்தும் மேசைப்பந்தும் எல்லா வளாகங்களிலும் ஏறத்தாழ ஒரே மாதிரிதான் இருக்கும். உள்ளே நுழைந்தவுடன் கூரையைப் பார்த்தால் போதும். நல்ல ஆட்டத்துக்குக் கூரை ஒன்பது மீட்டராவது உயரம் வேண்டும். பெரிய சர்வதேசப் போட்டிகளுக்கு 12 மீட்டர் கேட்பார்கள். பல்நோக்கு அரங்கம் என்று கட்டிவிட்டு அதில் தாழ்வாக மின்விசிறியைத் தொங்கவிடும் ஊர் நம்முடையது. பட்டமளிப்பு விழாவுக்குக் காற்று வேண்டுமே! பூப்பந்து ஆட வரும் பிள்ளைகள் முதலில் செய்கிற காரியம் விசிறியை நிறுத்துவது. அதற்குள் யாராவது ஒருவர் "சார், புழுக்கம்" என்பார். தொள்ளாயிரம் மீட்டர் உயரத்தில் இருக்கும் பெங்களூரில் மாலையில் அந்தப் புழுக்கம் குறைவு. சென்னைப் பிள்ளைகளுக்குக் கிடைக்காத கொடுப்பினை அது.

உடற்பயிற்சிக் கூடங்களையும் இப்போது எல்லாரும் கட்டிவிட்டார்கள். வரிசையாக இரும்பு, வரிசையாகக் கண்ணாடி, கண்ணாடி முன் வரிசையாகப் பையன்கள். அங்கே ஒரே ஒரு கேள்விதான்: சொல்லிக்கொடுக்க ஆள் இருக்கிறாரா? யூடியூப் பார்த்து எடை தூக்கி இடுப்பைப் பிடித்துக்கொண்டு போகிறவர்களைப் பற்றி எந்த எலும்பு மருத்துவரைக் கேட்டாலும் சொல்வார்.

ஆள் என்றதும் 'பி.டி. சார்' ஞாபகம் வராமல் இருக்காது. உடற்கல்வி இயக்குநரைத் தமிழ்நாட்டுக் கல்லூரிகளில் இன்றும் அப்படித்தான் கூப்பிடுகிறோம். அந்தப் பதவிக்கு நம் ஊரில் ஒரு பூர்வீகம் உண்டு. ஹாரி குரோ பக் என்ற அமெரிக்கர் 1920-ல் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விப் பள்ளியைத் தொடங்கினார். ஆசியாவிலேயே இந்த வகையில் முதல் நிறுவனங்களில் ஒன்று அது. இன்று நந்தனத்தில் அடையாற்றங்கரையில் இருக்கிறது. நமக்கெல்லாம் அது புத்தகக் காட்சி நடக்கும் இடமாகத்தான் பழக்கம். 1924 பாரிஸ் ஒலிம்பிக்குக்குப் போன இந்திய அணியோடு கப்பலேறியவர் பக். அவரிடம் படித்தவர்களும் அவர்களிடம் படித்தவர்களும்தான் தென்னிந்தியப் பள்ளி, கல்லூரி மைதானங்களில் விசிலோடு நின்றார்கள். செயற்கைத் தரை கிடையாது, விளக்கு கிடையாது. சுண்ணாம்புக் கோடும் ஒரு விசிலும் போதுமானதாக இருந்தது. காலை ஐந்தரைக்கு மைதானத்தில் நிற்கும் ஒரு மனிதர் இருந்தால் மீதியைப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள்.

எனக்குத் தெரிந்த ஓர் உடற்கல்வி இயக்குநர், இப்போது ஓய்வு பெற்றுவிட்டார், அடிக்கடி சொல்வார்: "டர்ஃப் போட காசு தருவான், லைட் போட காசு தருவான். கோச்சுக்குச் சம்பளம்னு கேட்டா மட்டும் அடுத்த பட்ஜெட்ல பாக்கலாம்னுவான்." தரைக்குத் திறப்பு விழா உண்டு, கல்வெட்டு உண்டு. கோச்சை வேலைக்கு எடுத்ததற்கு யார் ரிப்பன் வெட்டுகிறார்கள்?

இதற்கு எதிர் உதாரணமும் பெங்களூரிலேயே இருக்கிறது. கனகபுரா சாலையில் ஜெயின் பல்கலைக்கழகம் விளையாட்டு வளாகத்தில் பணம் போட்டது, ஆட்களிலும் போட்டது. கொரோனாவால் தள்ளிப்போன கேலோ இந்தியா பல்கலைக்கழகப் போட்டிகள் 2022 ஏப்ரல் 24 முதல் மே 3 வரை பெங்களூரில் நடந்தபோது போட்டியை நடத்தியதும் ஜெயின்தான், 20 தங்கத்தோடு பட்டியலில் முதலிடம் பிடித்ததும் ஜெயின்தான். அவர்களுடைய நீச்சல் வீரர் சிவ ஸ்ரீதர் ஒருவரே ஏழு தங்கம் வாங்கினார். மல்லகம்பமும் யோகாசனமும் அந்தப் போட்டியில்தான் முதன்முதலாக இடம்பெற்றன. போட்டி நடத்துகிற வீட்டுக்காரரே ஜெயிப்பதில் பாதி சலுகை, பாதி உழைப்பு என்று வைத்துக்கொண்டாலும் 20 தங்கம் சும்மா வராது.

அதே சமயம் பழைய பட்டியல்களைப் பாருங்கள். பல்கலைக்கழகங்களின் ஒட்டுமொத்த விளையாட்டுச் சாதனைக்காக 1956-57-லிருந்து கொடுக்கப்படும் மௌலானா அபுல் கலாம் ஆசாத் கோப்பையை இருபது தடவைக்கு மேல் தட்டிச் சென்றது அமிர்தசரஸ் குருநானக் தேவ் பல்கலைக்கழகம். அது அரசுப் பல்கலைக்கழகம். பஞ்சாபில் அரசுக் கல்லூரி மைதானங்கள் பலவும் ஊர்ப் பொது இடம் மாதிரி என்பார்கள். அங்கே படிக்காத பிள்ளையும் வந்து ஓடும். வேலி குறைவாக இருந்த இடத்தில்தான் பதக்கம் குவிந்திருக்கிறது என்று எனக்கு ஓர் எண்ணம்.

மேலே நிர்வாகம் சொதப்பினால் கீழே எத்தனை ஏக்கர் இருந்தும் பயனில்லை என்பதற்கும் சமீபத்திய சாட்சி உண்டு. 2023-ல் சீனாவின் செங்டு நகரில் நடந்த உலகப் பல்கலைக்கழக விளையாட்டுகளில் இந்திய மாணவர்கள் 11 தங்கம் உட்பட 26 பதக்கம் வாங்கினார்கள். அதற்குமுன் இந்தியா அந்தப் போட்டியில் அந்த எண்ணிக்கையைத் தொட்டதே இல்லை. இரண்டே ஆண்டில், 2025 ஜூலையில் ஜெர்மனியில் நடந்த அடுத்த போட்டிக்கு 12 பூப்பந்து வீரர்கள் போனார்கள். அதிகாரிகள் கொடுத்த பட்டியலில் ஆறு பேர் பெயர்தான் இருந்தது. மற்ற ஆறு பேரும் அத்தனை தூரம் போய்ப் பார்வையாளர்களாக உட்கார்ந்தார்கள். மீதிப்பேரை வைத்துக்கொண்டே அணி வெண்கலம் வாங்கிவிட்டது என்பதைப் பெருமையாகச் சொல்வதா, வெட்கமாகச் சொல்வதா?

வளாகத்தைவிட்டு வெளியே வந்து சந்தாபுரா பக்கமாகக் கொஞ்ச தூரம் நடந்தேன். சாலையோரம் ஒரு மனைப் பிரிவு. இன்னும் வீடு எழும்பாத மனைகளில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் டென்னிஸ் பந்தில் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தார்கள். மனை எண் எழுதிய எல்லைக் கல்தான் ஸ்டம்ப். வெள்ளைக் கல்லில் சிவப்பு எழுத்தில் இருந்த எண்ணில் பந்து பட்டுப் பட்டுச் சாயம் உதிர்ந்திருந்தது. பந்து வீசுகிறவன் காலில் செருப்புகூட இல்லை. "அவுட்!" என்று கன்னடத்தில் தொடங்கிய சண்டை தமிழில் முடிந்தது. இந்த மனையை வாங்கியவர் கடகால் தோண்டும் நாளில் இவர்கள் அடுத்த மனைக்குப் போவார்கள். எல்லா மனையிலும் வீடு வந்துவிட்டால் கைப்பேசிக்குப் போவார்கள்.

இதே வட்டாரத்தில்தான் சூர்யா சிட்டியில் கர்நாடக வீட்டுவசதி வாரியம் நூறு ஏக்கரில் பிரம்மாண்ட விளையாட்டு வளாகம் கட்டப்போவதாக அரசு 2025 ஆகஸ்டில் அறிவித்தது. 1,650 கோடி ரூபாய்த் திட்டம். 80,000 பேர் உட்காரும் கிரிக்கெட் அரங்கம், உள்ளரங்க, வெளியரங்க ஆட்டங்களுக்கு இடம், நீச்சல்குளம், விடுதிகள் என்று அறிவிப்பில் எல்லாம் இருக்கின்றன. அந்த ஆண்டு ஜூன் 4-ஆம் தேதி பெங்களூர் சின்னசாமி கிரிக்கெட் அரங்க வாசலில் வெற்றிக் கொண்டாட்ட நெரிசலில் 11 பேர் உயிரிழந்தார்கள். நகர நடுவில் இனி இவ்வளவு கூட்டம் தாங்காது என்ற பேச்சு அதற்குப் பிறகுதான் வலுத்தது. காரணம் நியாயமானது. ஆனால் 80,000 என்பது பார்க்கிறவர்களின் எண்ணிக்கை. அந்த நூறு ஏக்கரில் சந்தாபுராப் பிள்ளை மாலையில் போய் ஆட எத்தனை சென்ட் என்று எந்த அறிவிப்பிலும் நான் பார்க்கவில்லை.

பல்கலைக்கழகங்களுக்கு ஒரு வேண்டுகோள் வைக்கலாம் என்று தோன்றுகிறது. இந்த வட்டாரத்துப் பல்கலைக்கழகங்கள் எல்லாவற்றுக்கும்தான். ஞாயிறு காலைகளில் வளாகங்களில் அநேகமாக யாரும் எழுந்திருப்பதில்லை. அந்த ஞாயிறு காலை ஆறிலிருந்து ஒன்பது வரை பக்கத்து அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்குக் களத்தைத் திறந்துவிடுங்கள். உங்கள் அணி மாணவர்களே பயிற்சி கொடுக்கட்டும். அடையாள அட்டையைப் பார்க்கும் காவலாளிக்குப் பள்ளித் தலைமையாசிரியரின் ஒரு கடிதம் போதாதா? காசு செலவில்லை. நாளைக்கு உங்கள் பல்கலைக்கழக அணிக்கு ஆடப்போவதும் அந்தப் பிள்ளைகளில் யாராவதாக இருக்கலாம்.

பிள்ளையைச் சேர்க்கப்போகும் பெற்றோருக்கு, எந்தக் கல்லூரியானாலும், நான் சொல்வது இதுதான். சுற்றிக்காட்டும் அலுவலரோடு பதினொரு மணிக்குப் போனது போதும். வேலைநாள் ஒன்றில் மாலை ஐந்து மணிக்கு நீங்களாகப் போங்கள். களத்தில் இருப்பது அணி வீரர்கள் மட்டுமா, சும்மா ஆட வந்தவர்களும் உண்டா என்று எண்ணுங்கள். பெண்கள் எத்தனை பேர் என்று தனியாக எண்ணுங்கள். பயிற்சியாளர் முழுநேர வேலையில் இருக்கிறாரா, போட்டி வரும்போது மட்டும் வருகிறவரா என்று கேளுங்கள். போட்டிக்குப் போனால் வருகைப்பதிவு தருவார்களா, தவறிய தேர்வை மறுபடி எழுதவிடுவார்களா என்பதைக் கேட்டு எழுத்திலும் வாங்குங்கள். காயம் பட்டால் மருத்துவமனைச் செலவு யாருடையது, விடுதிக் கதவு எத்தனை மணிக்கு மூடும் என்பதையும் விடாதீர்கள். இத்தனைக்கும் நேராகப் பதில் சொல்கிற கல்லூரியில் தரை கொஞ்சம் பொள்ளலாக இருந்தாலும் சேர்த்துவிடலாம். 'அதெல்லாம் அட்மிஷனுக்கு அப்புறம் பார்த்துக்கலாம் சார்' என்று சொல்கிற இடத்தில் நீச்சல்குளமே இருந்தாலும் முன்பணம் கட்டாதீர்கள்.